ஆம்பல் என்றால் தாமரை இல்லை

பெண் குழந்தைக்கு ‘ஆம்பல்’ என்று பெயர் வைப்பது பற்றிய பேச்சில் ஒருவர் “ஆம்பல் என்பது தாமரைக்கு இன்னொரு பெயர், கமலா, பத்மா மாதிரிதான்” என்று எழுதியிருக்கிறார். தவறு. ஆம்பல் என்பது அல்லி. குறிஞ்சிப்பாட்டின் பூப்பட்டியலிலேயே “ஒண்செங் காந்தள் ஆம்பல் அனிச்சம்” என ஓரிடத்திலும், “முள்தாள் தாமரை” என இன்னோரிடத்திலும் தனித்தனியாக வருகின்றன.

குளக்கரையில் நின்றாலே வேறுபாடு தெரியும். அல்லி இலையில் விளிம்பிலிருந்து காம்பு வரை ஒரு பிளவு இருக்கும். நீரோடு ஒட்டிக் கிடக்கும். தாமரை இலை பிளவில்லாத வட்டம், காம்பு நட்டநடுவில், நீர் ஒட்டாது. தாமரையின் நடுவே விதைகளைத் தாங்கும் தட்டையான பொகுட்டு உண்டு, அல்லிக்கு அது கிடையாது. வெள்ளாம்பல் மாலையில் விரிந்து மறுநாள் முற்பகலில் கூம்பும். இலக்கியத்தில் அது நிலவோடும் தாமரை ஞாயிற்றோடும் சேர்த்துப் பேசப்படுவது இதனால்தான்.

ஆம்பலுக்கு வேறு பொருள்களும் உண்டு: ஒரு பேரெண், ஒரு பண். சிலப்பதிகாரத்து ஆய்ச்சியர் குரவையில் கேட்பது “ஆம்பலந் தீங்குழல்”. பெண் குழந்தைக்கு இதைவிட என்ன வேண்டும்!

பெயர் வைப்பவர்கள் ஒன்றைக் கவனியுங்கள். பிறப்புச் சான்றிதழில் ஆங்கில எழுத்தில் முதலில் ஒற்றை ‘ஏ’ (A) போட்டால் பள்ளியில் “அம்பாள்” என்றுதான் கூப்பிடுவார்கள். இரட்டை ‘ஏ’ போடுங்கள்.