புவெனஸ் ஐரிஸை பாரிஸ் என்று சொல்லாதீர்கள்

'தென் அமெரிக்காவின் பாரிஸ்'. அர்ஜென்டினாவின் தலைநகர் புவெனஸ் ஐரிஸ் பற்றி யார் எழுதினாலும், யார் வீடியோ போட்டாலும் முதல் வரி இதுதான். அப்புறம் அகலமான சாலை, பழைய காப்பிக்கடை, இரும்பு வேலைப்பாடு செய்த பால்கனி, பளிங்குக் கல்லறைகள் நிறைந்த ரெகோலெட்டா, ரோஜாவை வாயில் கவ்விக்கொண்டு டாங்கோ ஆடும் ஜோடி. முடிந்தது. கால்பந்து வழியாக இந்த ஊரின் கதைக்குள் போய், வெளியே வரத் தெரியாமல் பல வருடமாகப் படித்துக்கொண்டிருக்கும் ஆள் நான். அந்த உரிமையில் சொல்கிறேன், அந்தப் பட்டப்பெயர் பாராட்டே கிடையாது. ஊரை ஆண்ட பணக்காரர்களின் ஆசை அது. எதையெல்லாம் பார்வையிலிருந்து தள்ளிவைக்க அந்தப் பாரிஸ் முகப்பைக் கட்டினார்களோ, உலகம் அந்த ஊரிடமிருந்து எடுத்துக்கொண்டதெல்லாம் அங்கிருந்துதான் வந்தது.

முகப்பு என்று சும்மா சொல்லவில்லை. கோர்டோபா அவென்யூவில் ஒரு பிரமாண்டமான அரண்மனை இருக்கிறது. 1894-ல் முடிந்தது. இங்கிலாந்திலிருந்து கப்பலில் வந்த சுமார் 3 லட்சம் மெருகேற்றிய சுடுமண் துண்டுகளும் ஓடுகளும் அதன் வெளிச்சுவரில் பதித்திருக்கின்றன. உள்ளே எந்த ராஜாவும் இருந்ததில்லை. இருந்தவை 12 இரும்புத் தண்ணீர்த் தொட்டிகள், மொத்தம் 7.2 கோடி லிட்டர் கொள்ளளவு. ஊருக்குக் குடிநீர் கொடுக்கும் தொட்டிக்கு அரண்மனை வேஷம்! பார்க்க அழகுதான், அதில் சந்தேகமில்லை. ஆனால் அந்தத் தண்ணீர் எதற்காக அவ்வளவு அவசரமாகத் தேவைப்பட்டது என்று கேட்டால், காலராவிலும் மஞ்சள் காய்ச்சலிலும் கொத்துக்கொத்தாகச் செத்த ஜனங்கள் வந்து நிற்கிறார்கள். அந்தக் கதைக்கு வருகிறேன்.

அதற்கு முன்னால் கொஞ்சம் பழைய கதை. 1536-ல் பெத்ரோ தெ மெந்தோசா என்ற ஸ்பானியர் இங்கே வந்து இறங்கினார். அங்கே ஏற்கெனவே வாழ்ந்த கெராந்தி மக்கள் சண்டை போட்டு விரட்டினார்கள். முற்றுகையில் மாட்டிய ஸ்பானியர்கள் குதிரையையும் எலியையும் செருப்புத் தோலையும் தின்றார்கள் என்று உடன்போன ஜெர்மானியச் சிப்பாய் ஒருவர் எழுதிவைத்திருக்கிறார். 1541-ல் ஊரைக் கைவிட்டுப் போனார்கள். 1580-ல் ஹுவான் தெ காராய் மறுபடி வந்து நட்டதுதான் இன்றைய ஊர். அதற்குப் பிறகும் இருநூறு வருடத்துக்கு அது ஒரு சேற்றுத் துறைமுகம்தான். ஸ்பெயின் அரசு வணிகத்தை எல்லாம் பெருவின் லிமா வழியாகத்தான் நடத்த வேண்டும் என்று சட்டம் போட்டிருந்தது. அதாவது ஸ்பெயினிலிருந்து ஒரு துணி மூட்டை சட்டப்படி புவெனஸ் ஐரிஸ் வர வேண்டுமென்றால் பனாமா போய், லிமா போய், ஆண்டிஸ் மலையைத் தாண்டிக் கழுதை மேலும் வண்டியிலும் வர வேண்டும். எதிரே திறந்த கடல் இருக்கும்போது எவன் இதைக் கேட்பான்? ஊரே கடத்தலில் வாழ்ந்தது. இன்றைய பொலிவியாவின் போடோசி சுரங்கத்து வெள்ளி திருட்டுத்தனமாக வெளியே போனது, துணியும் அடிமைகளும் உள்ளே வந்தார்கள். 1776-ல் தனி வைஸ்ராய் வந்த பிறகுதான் துறைமுகத்துக்குச் சட்டப்படி மூச்சு வந்தது.

அடிமைகள் என்றேன். இங்கேதான் பாரிஸ் கதை முதலில் இடிக்கிறது. 1778 கணக்கெடுப்பில் புவெனஸ் ஐரிஸில் கிட்டத்தட்ட மூன்றில் ஒருவர் ஆப்பிரிக்க வம்சாவளி. ஆமாம், மூன்றில் ஒருவர். ஆற்றங்கரையில் துணி வெளுத்தவர்கள், தெருவில் பலகாரம் விற்றவர்கள், தச்சர்கள், இசைக்காரர்கள், போர்வீரர்கள் எல்லாம் அவர்கள்தான். 1806-லும் 1807-லும் ஆங்கிலேயர்கள் படையெடுத்து வந்தபோது அவர்களை அடித்து விரட்டிய படைகளில் கறுப்பர்கள் இருந்தார்கள். விடுதலைப் போரிலும் இருந்தார்கள். மரியா ரெமெதியோஸ் தெல் வாயே என்ற பெண் விடுதலைப் போர்த் தளபதி பெல்கிரானோவின் வடக்குப் படையில் போரிட்டு கேப்டன் பதவி வரை போனவர், போரில் கணவனையும் பிள்ளைகளையும் பறிகொடுத்தவர். 1820களில் அதே புவெனஸ் ஐரிஸ் தெருக்களில் அவர் பிச்சை எடுத்துக்கொண்டிருந்தார். பழைய தளபதி ஒருவர் அடையாளம் கண்டு சொன்ன பிறகுதான் ஓய்வூதியப் பேச்சே வந்தது. 2024-ல் வந்த 10,000 பெசோ நோட்டில் பெல்கிரானோவுக்குப் பக்கத்தில் அவர் படம் இருக்கிறது. ஏறக்குறைய 200 வருடம் ஆகியிருக்கிறது.

1887 கணக்கெடுப்பில் கறுப்பர்கள் இரண்டு சதவீதத்துக்கும் கீழே. எங்கே போனார்கள்? போரில் செத்தார்கள், நோயில் செத்தார்கள், கலப்பு மணத்தில் கலந்தார்கள், கப்பல் கப்பலாக வந்த ஐரோப்பியர்களின் எண்ணிக்கையில் அமுங்கினார்கள் என்று வழக்கமான பதில்கள் எல்லாம் ஓரளவு உண்மை. ஆனால் இன்னொன்றும் நடந்தது. கணக்கெடுக்கப் போனவன் 'மாநிறம்' என்று ஒரு பிரிவை வைத்துக்கொண்டு ஆட்களை அதில் தள்ளினான், அப்புறம் நிறக் கேள்வியே காணாமல் போனது. என்னைக் கேட்டால் பாதிப் பேரைக் கொன்றது காகிதம்தான். 2022 கணக்கெடுப்பில் நாடு முழுக்கச் சுமார் 3 லட்சம் பேர் நாங்கள் ஆப்பிரிக்க வம்சாவளி என்று தாங்களே பதிந்தார்கள். அதற்கு முந்தைய வருடம்தான், 2021 ஜூனில், அன்றைய அதிபர் அல்பெர்தோ ஃபெர்னாண்டெஸ் ஸ்பெயின் பிரதமரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, மெக்சிகோக்காரர்கள் பூர்வகுடிகளிடமிருந்து வந்தவர்கள், பிரேசில்காரர்கள் காட்டிலிருந்து வந்தவர்கள், நாங்கள் ஐரோப்பாவிலிருந்து கப்பலில் வந்தவர்கள் என்று பேசி, வாங்கிக் கட்டிக்கொண்டு மன்னிப்புக் கேட்டார். அவர் இடதுசாரிப் பக்கத்து ஆள் என்பதையும் சேர்த்துப் படியுங்கள். இந்த நோய் கட்சி பார்த்து வருவதில்லை.

சரி, நிஜ நோய்க்கு வருவோம். 1871. பராகுவே போர் முடிந்து படைகள் திரும்பும் காலம். மஞ்சள் காய்ச்சல் ஊரின் தெற்கே சான் டெல்மோ பகுதியில் தொடங்கியது. கொசுதான் காரணம் என்று அப்போது யாருக்கும் தெரியாது. இரண்டு லட்சத்துக்கும் குறைவான மக்கள்தொகை, சில மாதத்தில் சுமார் 14 ஆயிரம் சாவு. மோசமான நாட்களில் ஒரே நாளில் 500 பேருக்கு மேல். அதிபர் சார்மியெந்தோ ரயில் ஏறி ஊரைவிட்டுப் போனார். பிணம் புதைக்க இடமில்லாமல் சகரீட்டாவில் புது இடுகாடு திறந்தார்கள். பணக்காரர்கள் தெற்கே இருந்த தங்கள் பழைய மாளிகைகளைப் பூட்டிவிட்டு வடக்கே ரெகோலெட்டா பக்கம் குடியேறினார்கள். ஊர் இரண்டாகப் பிளந்தது அப்போதுதான். வடக்கே நீங்கள் படம் எடுக்கும் அந்தப் பாரிஸ் எழுந்தது. தெற்கே கைவிடப்பட்ட மாளிகைகளை அறை அறையாகத் தடுத்து வாடகைக்கு விட்டார்கள். கொன்வென்டிஷோ என்பார்கள், நம் பேச்சில் ஒண்டுக்குடித்தனம். நடுவில் நீளமான முற்றம், இருபுறமும் அறைகள், அறைக்கு ஒரு குடும்பம், எல்லோருக்கும் சேர்த்து ஒரு குழாய், ஓரிரண்டு கழிப்பறை.

அதில் வந்து குடியேறியவர்கள் யார் என்பதுதான் வேடிக்கை. ஐரோப்பியர் குடியேற்றத்தை மத்திய அரசு ஊக்குவிக்க வேண்டும் என்று 1853 அரசியல் சாசனத்தின் 25-ஆம் பிரிவு சொல்கிறது, இன்றைக்கும் அது நீக்கப்படவில்லை. சாசனம் எழுதிய காலத்து மேட்டுக்குடி கனவு கண்டது ஆங்கிலேயர்களையும் ஜெர்மானியர்களையும். வந்து இறங்கியதோ ஜெனோவாவின் மாலுமிகள், தென் இத்தாலியின் கூலி விவசாயிகள், ஸ்பெயினின் கலீசியாக்காரர்கள், ரஷ்யாவிலிருந்து தப்பிய யூதர்கள், ஒட்டோமான் ராஜ்யத்துச் சிரியர்கள். 1914-ல் ஊரின் மக்கள்தொகை 15 லட்சத்தைத் தாண்டிவிட்டது, அதில் ஏறக்குறைய பாதிப் பேர் வெளிநாட்டில் பிறந்தவர்கள். கேட்ட ஐரோப்பியர் வேறு, கிடைத்த ஐரோப்பியர் வேறு. வந்தவர்கள் பெட்டியில் அனார்க்கிசத்தையும், அதாவது அரசே வேண்டாம் என்ற கொள்கையையும், கொண்டுவந்ததும், தொல்லை தரும் வெளிநாட்டவரை விசாரணை இல்லாமல் நாடு கடத்த 1902-லேயே ஒரு சட்டம் போட்டுவிட்டார்கள்.

1907-ல் வீட்டுக்காரர்கள் வாடகையை ஏற்றினார்கள். குடியிருந்தவர்கள் தர மாட்டோம் என்று உட்கார்ந்தார்கள், 30 சதவீதம் குறைத்தால்தான் வாடகை என்றார்கள். ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர் சேர்ந்த வாடகை வேலைநிறுத்தம் அது. ஆண்கள் வேலைக்குப் போய்விட, முற்றத்தைக் காத்தது பெண்கள்தான். தெற்கே துறைமுகத்தை ஒட்டிய லா போகாவில் அவர்களும் பிள்ளைகளும் துடைப்பத்தைத் தூக்கிக்கொண்டு, வீட்டுக்காரர்களைக் கூட்டித் தள்ளுவோம் என்று ஊர்வலம் போனார்கள். போலீஸ் தலைவர் ரமோன் ஃபால்கோன் தீயணைப்புக் குழாயால் குளிர்ந்த நீரைப் பீய்ச்சி வீடுகளைக் காலி செய்தார். போராட்டம் பெரிதாக ஜெயிக்கவில்லை, பலரை நாடு கடத்தினார்கள். ஆனால் அந்த ஊர்வலத்தின் புகைப்படம் இருக்கிறது, தேடிப் பாருங்கள். ரெகோலெட்டா தேவதைச் சிலைகளைவிட அது எனக்கு முக்கியம்.

இந்த முற்றங்களிலும் துறைமுகச் சந்துகளிலும்தான் டாங்கோ பிறந்தது. ஆப்பிரிக்கர்களின் காந்தோம்பே தாளம், கியூபாவின் ஹபனேரா, நாட்டுப்புற மிலோங்கா, இத்தாலியர்களின் பாட்டு. கூடவே ஜெர்மனியில் செய்து கப்பலில் வந்த பந்தோனியோன் என்ற துருத்திப் பெட்டி. ஆரம்பகால டாங்கோவின் முக்கியமான பியானோ கலைஞர் ரொசெந்தோ மெந்திசாபால் கறுப்பர். நூறு வயதை எட்டி 2016-ல் மறைந்த ஓராசியோ சால்கானும் ஆப்பிரிக்க வம்சாவளி. மேட்டுக்குடி இதை எப்படிப் பார்த்தது? விபச்சார விடுதி ஆட்டம் என்றது. பாரிஸிலிருந்த அர்ஜென்டினத் தூதரே அப்படித்தான் முகம் சுளித்தார். ஆனால் 1913 வாக்கில் பாரிஸ் வரவேற்பறைகளில் டாங்கோ பைத்தியம் பிடித்தது. ஜெர்மானியப் பேரரசர் கைசர், சீருடையில் இருக்கும் அதிகாரிகள் ஆடக் கூடாது என்று தடை போடும் அளவுக்குப் போனது. அதன் பிறகுதான் புவெனஸ் ஐரிஸ் மாளிகைகளின் கதவு டாங்கோவுக்குத் திறந்தது! தன் வீட்டுத் தெற்குப் பக்கத்தில் பிறந்ததை பாரிஸ் முத்திரை குத்திக் கொடுத்தால்தான் எடுத்துக்கொள்வேன் என்ற மனநிலை இருக்கிறதே, அதைத்தான் நாம் இன்றும் அந்தப் பட்டப்பெயரில் தூக்கிக்கொண்டு அலைகிறோம்.

கால்பந்து பற்றி எழுதினால் நிறுத்த மாட்டேன், அதனால் ஒன்றே ஒன்று. ரிவர் பிளேட் (1901), போகா ஜூனியர்ஸ் (1905) என்ற இரண்டு பெரிய கிளப்புகளும் பிறந்தது அதே ஏழை லா போகாவில்தான். ரிவர் வடக்கே குடிபோனது, 'கோடீஸ்வரர்கள்' என்று பெயர் வாங்கியது. போகா தெற்கிலேயே இருந்தது. இந்த இரண்டு கிளப்புகளும் மோதும் டெர்பியின் வெறி எங்கிருந்து வருகிறது என்று கேட்பவர்களுக்கு இதற்கு மேல் என்ன விளக்கம் வேண்டும்?

கொலோன் ஓபரா அரங்கைக் காட்டி 'இதுவும் பொய்யா' என்று கேட்பீர்கள். இல்லை. 1908-ல் திறந்த அந்த அரங்கின் ஒலியமைப்பு உலகத்தின் மிகச் சிறந்தவற்றில் ஒன்று. கட்டி முடிக்க 20 வருடம் ஆனது. முதல் கட்டடக் கலைஞர் இறந்துபோனார், இரண்டாமவர் கொலையானார், மூன்றாமவர் முடித்தார். ஆனால் அதை உயிரோடு வைத்திருந்தவர்கள் பெட்டி இருக்கைக் கனவான்கள் மட்டுமா? உச்சி மாடத்தில் மலிவு டிக்கெட்டில் மணிக்கணக்காக நின்றுகொண்டே கேட்ட சாமானிய ரசிகர்களையும் சேர்த்துக்கொள்ளுங்கள். இத்தாலியக் குடியேறிகளுக்கு ஓபரா வாயிலேயே இருந்த பாட்டு, பாடகர் சுருதி பிசகினால் மேலிருந்து கத்துவார்கள்.

பிளாசா தெ மாயோ சதுக்கத்தைச் சொல்லாமல் விட முடியாது. 1945 அக்டோபர் 17. தொழிலாளிகளின் ஆதரவைப் பெற்றிருந்த ராணுவ அதிகாரி பெரோனைச் சிறையில் வைத்ததும் தெற்கின் தொழிலாளிகள் திரண்டார்கள். அவர்களைத் தடுக்க ரியாசுவேலோ ஆற்றுப் பாலங்களை அதிகாரிகள் தூக்கிவிட்டார்கள், அவர்களோ படகிலும் கிடைத்ததிலும் ஏறிக் கடந்து வந்தார்கள். வெயிலில் நடந்த கால்களை சதுக்கத்து நீரூற்றுக்குள் விட்டுக்கொண்டு உட்கார்ந்தார்கள். வடக்கின் 'பாரிஸ்'வாசிகளுக்கு அந்தக் கால்கள்தான் பெரிய அதிர்ச்சி. இரண்டு வருடம் கழித்து எதிர்க்கட்சி எம்.பி. ஒருவர் அந்தக் கூட்டத்தை மிருகங்களின் வெள்ளம் என்றே வர்ணித்தார். பெரோன் மீது எனக்கு நிறைய விமர்சனம் உண்டு, அது வேறு பஞ்சாயத்து. 1955 ஜூனில் சொந்த நாட்டுக் கடற்படை விமானங்களே அந்தச் சதுக்கத்தின் மீது குண்டு போட்டு 300 பேருக்கு மேல் கொன்றன. 1977 ஏப்ரல் 30-ல், ராணுவ ஆட்சியில் காணாமல் போன பிள்ளைகளைக் கேட்டு 14 தாய்மார்கள் அங்கே வந்து நின்றார்கள். கூட்டமாக நிற்காதே, நடந்துகொண்டே இரு என்றது போலீஸ். சரி என்று சதுக்கத்தைச் சுற்றி நடக்க ஆரம்பித்தார்கள். அவர்களின் அடையாளமான வெள்ளைத் தலைத்துணி அப்புறம் வந்தது. அவர்களைத் திரட்டிய அசுசேனா வியாஃப்லோரையே அந்த டிசம்பரில் கடத்திக் கொன்றார்கள். 2005-ல்தான் அவர் எலும்புகளை அடையாளம் கண்டு, சாம்பலை அதே சதுக்கத்தில் புதைத்தார்கள். வாராவாரம் வியாழக்கிழமை நடக்கும் அந்த நடை இன்னும் தொடர்கிறது. சித்திரவதைக் கூடமாக இருந்த கடற்படைப் பள்ளி, எஸ்மா, எங்கே என்றால் பசுமையான வடக்கில், 1978 உலகக் கோப்பை இறுதிப் போட்டி நடந்த மைதானத்துக்குப் பக்கத்தில். கோல் சத்தம் உள்ளே அடைபட்டவர்களுக்குக் கேட்டது.

ஊருக்குப் போகிறவர்களுக்கு என் சிபாரிசு ரெத்திரோ பகுதி. 1713-ல் ஆங்கிலேயரின் தென்கடல் கம்பெனி அடிமை வணிக ஒப்பந்தம் பெற்ற பிறகு ஆப்பிரிக்கர்களை அடைத்து வைத்து விற்ற இடம் இன்றைய சான் மார்ட்டின் சதுக்கத்தை ஒட்டி இருந்தது, இப்போது அழகான பூங்கா. அங்கிருந்து துறைமுகப் பக்கம் நடந்தால் 1911-ல் திறந்த குடியேறிகள் விடுதி, கப்பலில் வந்தவர்களுக்கு 5 நாள் இலவசப் படுக்கை, சாப்பாடு, வேலை தேடித்தரும் அலுவலகம், இப்போது அருங்காட்சியகம். ரயில் நிலையத்துக்குப் பின்னால் போனால் வியா 31. 1930களின் மந்தத்தில் முளைத்த குடிசைப் பகுதி, உலகக் கோப்பைக்கு முன் ராணுவம் புல்டோசர் விட்டு இடித்துத் தள்ளியும் சில பத்துக் குடும்பங்கள் நகர மறுத்ததால் மறுபடி வளர்ந்தது, 1974-ல் சுட்டுக் கொல்லப்பட்ட பாதிரியார் கார்லோஸ் முகிகாவின் பெயரை இப்போது தாங்கி நிற்கிறது. பராகுவே, பொலிவியா, பெரு நாடுகளிலிருந்து வந்தவர்கள் அங்கே செங்கல்லை மாடி மாடியாக அடுக்கி வாழ்கிறார்கள். மாளிகை கட்டுவதும், சமைப்பதும், பிள்ளை பார்ப்பதும் அவர்கள்தான். வந்தேறிகள், ஊரைக் கெடுக்கிறார்கள் என்று அவர்களைப் பற்றிப் பேசுபவர்களில் பலரின் கொள்ளுத்தாத்தா அந்த விடுதியில் 5 நாள் இலவசமாகச் சாப்பிட்டவர். மூன்றையும் ஒரே மாலையில் நடந்தே பார்த்துவிடலாம், ரயில் நிலையப் பக்கம் மட்டும் போனை உள்ளே வைத்துக்கொள்ளுங்கள்.