வட்டியில்லாக் கடன் வேணுமா, ஒரு காலேஜ் ஆரம்பிங்க

காலேஜ் ஸ்டாஃப் சம்பள பாக்கி கேட்டு ஹைகோர்ட்டுக்குப் போயிருக்காங்கன்னு நியூஸ் வந்தா நம்ம சொந்தக்காரங்களே கேப்பாங்க, லட்சக்கணக்குல வாங்குறவங்களுக்கு ரெண்டு மாசம் தாங்காதான்னு. லட்சம் யாருக்குங்க வருது? ஒரு கிளாஸுக்கு 1,500, மாசத்துக்கு அதிகபட்சம் 50,000 வரைக்கும் கெஸ்ட் லெக்சரருக்குக் கொடுக்கலாம்னு காலேஜ்களுக்கு விதி போடுற மத்திய அமைப்பான யுஜிசி 2019லயே சொல்லிடுச்சு, அதுக்கப்புறமும் தமிழ்நாட்டு அரசு காலேஜ்ல 20,000 கொடுத்து, அப்புறம் பெரிய மனசு பண்ணி 25,000 ஆக்குனாங்க. அரசு உதவி இல்லாம நடக்குற செல்ஃப் ஃபைனான்ஸ் காலேஜ் பலதுல அதுவும் கிடையாது.

இதுல பெரிய இடம் சின்ன இடம்னும் இல்ல. 2024ல இன்கம்டாக்ஸ் காரங்க அக்கவுண்ட்டை முடக்குனப்ப மெட்ராஸ் யுனிவர்சிட்டியிலயே சம்பளம் சிக்கல் ஆச்சு, மதுரை காமராஜர் யுனிவர்சிட்டியில ஸ்டாஃபும் பென்ஷன் வாங்குறவங்களும் ரோட்டுல உக்காந்தாங்க.

கேஸ் போடலாம்னு பேச்சு வந்தவுடனே முதல் சண்டை வக்கீல் ஃபீஸுக்கு இல்ல, யார் பேர் முதல்ல வர்றதுன்னுதான். மனுவுல நாப்பது பேர் கையெழுத்து போட்டாலும் கேஸ் கூப்பிடுறது முதல் பேரை வச்சுதான், அன்னிக்கு விசாரிக்கப்போற கேஸ்களோட பட்டியலான காஸ் லிஸ்ட்ல அந்தப் பேர்தான் தெரியும், மேனேஜ்மென்ட் கண்ணுலயும் அதுதான் உறுத்தும். எங்க காலேஜ்ல கடைசியா, சீக்கிரமே ரிட்டயர் ஆகப்போற சார் ஒருத்தர், என்னை இனிமே என்ன பண்ணிடுவாங்க, என் பேரையே போடுங்கப்பான்னாரு. ஃபீஸுக்கு ஜிபேல காசு அனுப்புன சிலபேரு என் பேர் மட்டும் மனுவுல வேண்டாம்னுட்டாங்க. வேலைக்குச் சேரும்போது வாங்கி வச்ச ஒரிஜினல் சர்டிஃபிகேட் ஆபீஸ் பீரோல இருக்கே, பயம் வராதா பின்ன?

சரி, கேஸ் போட்டாச்சு. பல நேரம் என்ன ஆர்டர் வரும் தெரியுமா, மனுதாரர்களோட கோரிக்கையை சட்டப்படி பரிசீலிச்சு இத்தனை வாரத்துக்குள்ள முடிவெடுங்கன்னு. படிச்சா ஜெயிச்ச மாதிரியே இருக்கும், குரூப்ல எல்லாரும் கைதட்டுற எமோஜி போடுவாங்க. ஆனா சம்பளம் கொடுன்னு அதுல ஒரு வரி இருக்காது. அவங்க பரிசீலிப்பாங்க, நிதிநிலை சரியில்லைன்னு ஒரு பக்கத்துக்கு லெட்டர் அடிச்சு நிராகரிப்பாங்க, மறுபடி ரிட் மனு (முக்கியமா அரசு அமைப்புகளுக்கு உத்தரவு போடச் சொல்லி ஹைகோர்ட்டுல கேக்குற மனு), மறுபடி ஃபீஸ்.

தனியார் காலேஜ்னா இன்னும் ஒரு படி மேல, நாங்க அரசு இல்ல, அந்த ரிட்டே செல்லாதுன்னு எதிர்த்தரப்பு முதல்ல அதைத்தான் வாதாடும். லேபர் கோர்ட்டுக்குப் போலாம்னா ஆசிரியர் 'தொழிலாளி' இல்லைன்னு சுப்ரீம் கோர்ட் 1988லயே சொல்லிடுச்சு. அதே காலேஜ் பஸ் ஓட்டுற டிரைவர் அண்ணனுக்கு இருந்த வழி, உள்ள பாடம் எடுக்குற பிஎச்டிக்கு இல்லாமப் போச்சு.

அட்மிஷன் குறைஞ்சுபோச்சு, ஸ்காலர்ஷிப் பணம் லேட்டா வருதுன்னு மேனேஜ்மென்ட் சொல்றதுல கொஞ்சம் உண்மை இருக்கு, இல்லேங்கல. ஆனா கரண்ட் பில் லேட் ஆகுதா? பேங்க் டியூ லேட் ஆகுதா? ஆகாது, ஏன்னா அங்க ஃபைன் விழும். ஸ்டாஃப் சம்பளத்தை நிறுத்தி வச்சா ஒரு பைசா செலவில்ல, நாமதான் நம்ம ஈஎம்ஐ பவுன்ஸ் ஆனதுக்கு அபராதமும் கட்டி, சிபில் ஸ்கோரையும் கெடுத்துக்கிட்டு, அவங்களுக்கு வட்டியில்லாம கடன் கொடுத்துட்டு இருக்கோம்.

என் ஆத்திரமெல்லாம் இதுலதான். கொரோனா நேரத்துல ஆந்திரா அரசு சம்பளத்தையும் பென்ஷனையும் தள்ளிவச்ச கேஸ்ல 2021ல சுப்ரீம் கோர்ட் வட்டியோட கொடுக்கச் சொல்லுச்சு. ஹைகோர்ட் 12 சதவீதம்னு சொன்னதை 6 ஆக்கிட்டாங்க. வட்டி உண்டுன்னு ஒத்துக்கிட்டது நல்லதுதான், ஆனா 6 சதவீதத்துக்கு எந்த பேங்க்குங்க ஒரு காலேஜுக்குக் கடன் கொடுக்கும்? அப்பவும் நம்ம சம்பளம்தான் அவங்களுக்கு சீப்பான கடன். பேங்க் பர்சனல் லோனுக்கு நம்மகிட்ட என்ன வட்டி வாங்குதோ அதே வட்டியைப் போடணும், அதுவும் ட்ரஸ்ட் நடத்துறவங்க சொந்தப் பையில இருந்து வரணும், அப்பதான் ஒண்ணாந்தேதின்னா ஒண்ணாந்தேதி கிரெடிட் மெசேஜ் வரும்.

அதுவரைக்கும் கேஸ் போடுறவங்க ரெண்டு விஷயத்தைப் பாத்துக்கங்க. பிஎஃப் பாஸ்புக்கை இன்னிக்கே ஓப்பன் பண்ணுங்க, பே ஸ்லிப்புல பிடிச்சது அங்க ஏறலைன்னா அது தனி புகார், சம்பள கேஸோட குழப்பாதீங்க. ஆர்டர் கைக்கு வந்தும் பணம் வரலைன்னா கோர்ட் அவமதிப்பு மனுவுக்கு ஒரு வருஷம்தான் டைம், அடுத்த மாசம் தர்றேன் அடுத்த மாசம் தர்றேன்னு அவங்க இழுக்குறதே அந்த ஒரு வருஷத்தைத் தாண்டுறதுக்குத்தான்.