பூதம் தெரியுதா இல்லையா, அதை மட்டும் சொல்லுடா

சனிக்கிழமை மூன்று மணிக்குக் குகை வாசலில் நின்றேன். ஏழு மணிக்கும் அதே வாசலில்தான் நின்றேன். கையில் பந்தம், எதிரே இருட்டு, உள்ளே எங்கோ பூதம். நான் கேட்டது ஒரே ஒரு கேள்வி: "உள்ள என்ன தெரியுது?"

கற்பனை உலகம் கட்டிப் பகடை உருட்டுகிற கூட்டத்தில் நீங்களும் மாட்டியிருந்தால் மீதி உங்களுக்கே தெரியும். விளக்குக் கேட்டால் விளக்கம்தான் கிடைக்கும்.

எங்கள் கதையை நடத்துகிறவனை நடத்துநர் என்றுதான் கூப்பிடுவோம். பஸ் நடத்துநர் மாதிரியே இவனும் மிச்சத்தை இறங்கும்வரை தரமாட்டான். "உன் பந்தம் மூணு அகல்" என்றான். அகல் என்பது அவன் உலகத்தின் ஒளி அலகாம். ஒரு அகல் விளக்கு எவ்வளவு எரியுமோ அவ்வளவு. சரி, பெயர் நன்றாகத்தான் இருந்தது. நான் பேசாமல் உள்ளே போயிருப்பேன். அதற்குள் பக்கத்தில் இருந்தவன், அவன் மின்சார வேலை படிக்கிறவன், அதுதான் வினை, "எந்த எண்ணெய் மச்சான்?" என்று கேட்டுத் தொலைத்தான்.

முடிந்தது. எந்த எண்ணெய், திரி எத்தனை நூல், காற்று அடிக்கிறதா. மூன்றரைக்கெல்லாம் குகையை விட்டு 1860-இல் லண்டனுக்குப் போய்விட்டோம். அங்கே அந்த வருஷம் வாயு விளக்குக்காகப் போட்ட சட்டத்தில் மெழுகுதிரிதான் அலகாம். திமிங்கிலத்தின் தலைக் கொழுப்பில் செய்தது, எடை ராத்தலில் ஆறில் ஒரு பங்கு, மணிக்கு 120 கிரெயின் (அது பழைய குட்டி எடை அலகு) எரிய வேண்டும். நம் உலகத்தில் கடலே கிடையாதேடா, திமிங்கிலத்துக்கு எங்கே போவது என்றேன். அதற்காகக் கால் மணி நேரம் கடல் வைப்பதா வேண்டாமா என்று வாக்கெடுப்பு. பூதம் தூங்கிக்கொண்டிருக்கிறது.

பிறகு ஜெர்மனிக்காரன் விளக்கு, சுடர் உயரம் சரியாக 40 மில்லிமீட்டர். பிறகு 1948, உருகிய பிளாட்டினம் உறைகிற நேரத்தில் வருகிற ஒளி. என் வீரனின் மடியில் இருப்பது மூன்று செப்புக்காசு, அவனிடம் பிளாட்டினம் பற்றிப் பேசுகிறார்கள். ஐந்து மணிக்கு 1979. வினாடிக்கு 540 லட்சம் கோடி தடவை அதிர்கிற பச்சை ஒளி, ஒரு வாட்டில் 683-இல் ஒரு பங்கு, ஒரு ஸ்டெரேடியன் என்கிற, கூம்பு மாதிரி விரிகிற கோணத்துக்குள். அதுதான் கண்டெலா, விளக்கின் பலத்துக்கு இன்றைக்கு உலகம் முழுக்க வைத்திருக்கிற அலகு. ஏன் பச்சை? பகல் வெளிச்சத்தில் மனிதக் கண்ணுக்கு அதுதான் நன்றாகப் படுமாம்.

அங்கேதான் எங்கள் தங்கச்சி எழுந்தாள். கதையில் அவள் ஆந்தைக்கண் திருடி. "அது ஒங்க கண்ணு அலகு. என் கண்ணுக்கு எதுக்கு ஒங்க பச்சை?" என்றாள். எரிச்சல் என்னவென்றால் அவள் சொன்னது சரி. கண் மாறினால் அளவும் மாறும். மனிதக் கண்ணே இருட்டுக்குப் பழகிவிட்டால் பச்சையை விட்டு நீலப் பக்கம் சாய்கிறது. ஆக, ஆந்தைகளுக்கு ஒரு அகல், மனிதருக்கு ஒரு அகல், பூதத்துக்குத் தனி அகல். பூதத்தின் அகலை யார் போய்க் கேட்டுவருவது? பந்தம் வைத்திருக்கிறவன்தானே.

இந்த இடத்தில் நானும் வாயைத் திறந்தேன், அது என் தப்பு. "டேய், நீ சொல்றது விளக்கோட பலம். நான் கேக்கிறது பூதத்து மேல விழுற வெளிச்சம். ரெண்டும் ஒண்ணா? சீசன்ல சிவனொளிபாதமலைப் பாதை லைட்டெல்லாம் மஸ்கெலியாவுல எங்க வீட்டு வாசலுக்கு மாலை போட்ட மாதிரி தெரியுது. அந்த வெளிச்சத்துல ஒன்னால சோத்துல கல்லு பொறுக்க முடியுமா?" என்றேன்.

எல்லோரும் அமைதியானார்கள். ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன். நடத்துநர் கொப்பியை எடுத்து, "அப்ப விழுற வெளிச்சத்துக்குத் தனி அலகு வேணும்" என்று எழுதினான்.

பெயர் வைக்க நாற்பது நிமிஷம். தூரம் இரண்டு மடங்கானால் வெளிச்சம் நாலில் ஒன்றாகும் என்று காட்ட, அவன் ஆச்சியின் சாமித் தட்டில் இருந்த விளக்கையே தூக்கி வந்து மேசையில் ஏற்றி, பழைய பேப்பரை ஒரு அடியில், இரண்டு அடியில், மூன்று அடியில் பிடித்து வாசித்தார்கள். மரண அறிவித்தல் பக்கம். "இப்ப தெரியுதா? இப்ப?" ஆச்சி உள்ளேயிருந்து வந்து பார்த்தார். "தேங்காண்ணெ போத்தல் என்ன வெல விக்கிதுன்னு தெரியுமாடா ஒங்களுக்கு?" என்று கேட்டு, விளக்கை ஊதி அணைக்காமல் பூவால் அமர்த்தி எடுத்துக்கொண்டு போய்விட்டார். அந்த நேரம் பார்த்துக் கரண்டும் போனது.

அந்த இருட்டில் யாரோ, "மச்சான், இப்ப எத்தனை அகல்?" என்றான். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நாலு மணி நேரத்தில் முதல் தடவையாக விடை எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

கடைசி பஸ்ஸும் போய்விட்டது. ஹட்டனில் இருந்து ஆட்டோக்காரன் கேட்ட காசைச் சொன்னால் நீங்கள் அழுவீர்கள்.

வீட்டுக்கு வந்தால் அம்மா பேசாமல் ரொட்டி சுட்டுக்கொண்டிருக்கிறார். அன்றைக்கு அம்மா பறித்த தேயிலைக் கொழுந்து 18 கிலோ நிறுத்திருக்கிறது. சாக்குக்கு ஒன்று, ஈரத்துக்கு ஒன்று கழித்துத் துண்டில் 16 போட்டார்களாம். அன்றைக்கு வெயில் மண்டையைப் பிளந்தது, எந்த ஈரம்? இரண்டு கிலோ குறைந்ததால் அரைப்பேர், அதாவது பாதி நாள் சம்பளம்தான். கிலோவுக்கு உலகம் முழுக்க ஒரே அளவுதானே, கொழுந்து நிறுக்கிற மடுவத்துத் தராசு மட்டும் எந்தக் கற்பனை உலகத்தில் செய்தது?

இன்று காலை நடத்துநர் செய்தி போட்டிருக்கிறான். வருகிற சனிக்கிழமை பூதம் இல்லையாம், முதலில் எடைக்கு ஒரு நிலையான அலகு முடிவு செய்ய வேண்டுமாம். அம்மாவைக் கூட்டிக்கொண்டு வருகிறேன் என்று பதில் போட்டுவிட்டேன்.