கவுன்சில் இல்லாத ரிப்பன் மாளிகை

ராத்திரியில் கலர் விளக்கில் ஜொலிக்கும் ரிப்பன் மாளிகைப் படத்தை அடிக்கடி யாராவது பகிர்கிறார்கள். அழகுதான். ஆனால் அது எதற்காகக் கட்டப்பட்டது என்று நாம் பேசுவதே இல்லை. எனக்கு அதில் வருத்தம் உண்டு.

சென்னை மாநகராட்சி தொடங்கியது 1688-இல். அதன் தலைமையகமான இந்த மாளிகைக்கு அடிக்கல் நாட்டியது 1909-இல், திறந்தது 1913-இல். வடிவமைத்தவர் ஜி.எஸ்.டி. ஹாரிஸ். கட்டியவர் லோகநாத முதலியார். செலவு 7.5 லட்சம் ரூபாய்.

அதற்கு முன்பு மெட்ராஸில் எழுந்த பெரிய கட்டடங்களை நினைத்துப் பாருங்கள். உயர்நீதிமன்றம், இந்த மாளிகைக்குப் பக்கத்திலேயே இருக்கும் விக்டோரியா பப்ளிக் ஹால் எல்லாம் செங்கல் சிவப்பு, இந்திய, இஸ்லாமிய, ஐரோப்பியக் கட்டடக் கலைகளைக் கலந்த இந்தோ-சாரசெனிக் பாணி. ஹாரிஸ் அந்த வழியில் போகவில்லை. கிரேக்க, ரோமானியப் பாணித் தூண்களும் வளைவுகளுமாக, 85 மீட்டர் நீளத்துக்கு வெள்ளை வெளேர் என்று நிறுத்தினார். உள்ளே இருப்பது நம்ம ஊர்ச் செங்கல், சுண்ணாம்புச் சாந்து, தேக்கு உத்தரம். நடுவில் 43 மீட்டர் உயரக் கோபுரம், அதில் எட்டடி விட்டமுள்ள கடிகாரம். தினமும் ஆள் ஏறிச் சாவி கொடுத்தால்தான் ஓடும் பழைய இயந்திரம் அது. கால் மணிக்கொரு தரம் அடிக்கும் அதன் நான்கு மணிகளும் 1913-இல் இங்கிலாந்தில் வார்த்தவை.

சரி, ரிப்பன் பெயர் ஏன்? ஊர்க் காரியங்களை ஊர் மக்கள் தேர்ந்தெடுத்தவர்களே பார்க்க வேண்டும் என்று 1882-இல் தீர்மானம் கொண்டுவந்த வைஸ்ராய் அவர். ‘ரிப்பன் எங்கள் அப்பன்’ என்று இந்த ஊரே கொண்டாடியது. அவர் பெயரை மாநகராட்சிக் கட்டடத்துக்கு வைத்தது வெறும் மரியாதைக்கு இல்லை.

அப்படிப்பட்ட கட்டடத்தில் 1973 முதல் 1996 வரை மக்கள் தேர்ந்தெடுத்த மன்றமே இல்லை. அப்புறம் 2016 அக்டோபரிலிருந்து 2022 வரை மறுபடியும் இல்லை. கூட்டிப் பார்த்தால் 28 ஆண்டுகளுக்கு மேல். மாளிகையின் வயதில் கிட்டத்தட்ட கால் பங்கு! கொரோனா சமயத்தில் தெருவையே தகரம் வைத்து அடைத்தார்களே, அப்போது போய்க் கேட்க நம் வார்டுக்கு ஒரு கவுன்சிலர் இல்லை. அதிகாரிகள் உழைத்தார்கள், அதை யாரும் மறுக்க முடியாது. ஆனால் அதிகாரியை நாம் ஓட்டுப் போட்டு மாற்ற முடியாதே.

சுவரில் விரிசல் விட்டால் பதறுகிறோம். பாரம்பரியம் போச்சே என்கிறோம். மன்றக் கூடம் வருஷக்கணக்கில் பூட்டிக் கிடந்தபோது அந்தப் பதற்றம் நமக்கு வந்திருக்க வேண்டும். என்னைக் கேட்டால் சுண்ணாம்புப் பூச்சைவிட அதுதான் பெரிய பராமரிப்பு வேலை.

2022-இல் 200 வார்டுகளுக்கும் கவுன்சிலர்கள் வந்தார்கள், ஒரு தலித் பெண் முதல்முறையாக மேயரானார். மன்றத்தின் காலம் ஐந்தாண்டு. அது முடிவதற்குள் அடுத்த தேர்தலை நடத்தியாக வேண்டும் என்று அரசியல் சட்டத்தின் 74-ஆவது திருத்தமே சொல்கிறது. எந்தக் கட்சி ஆட்சியில் இருந்தாலும், வார்டு மறுவரையறை, வழக்கு என்று எந்தக் காரணம் சொன்னாலும், ஒரு நாள்கூடத் தள்ளிப்போட விடக் கூடாது.