பாலையா கேட்டுக்கொண்டிருக்கிறார்

போன வாரம் எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ஒரு வீடியோ வந்தது. 'காதலிக்க நேரமில்லை'யில் நாகேஷ் தன் அப்பாவிடம் பேய்க்கதை சொல்லும் காட்சி. எத்தனையோ தடவை பார்த்ததுதான், வந்தால் இன்னொரு தடவை பார்க்காமல் விட முடியாது. ஆனால் வீடியோவின் மேலே மஞ்சள் எழுத்தில் 'நாகேஷ் காமெடி' என்று மட்டும் போட்டிருந்ததைப் பார்த்ததும் எனக்குச் சுருக்கென்றது. நாகேஷ் மேல் எனக்கு ஒரு குறையும் இல்லை, அவர் மகா கலைஞர். ஆனால் அந்தக் காட்சியில் இருப்பது இரண்டு பேர். இரண்டாவது ஆளின் பெயர் டி.எஸ். பாலையா. அவர் பெயரைப் போட அந்த மஞ்சள் எழுத்தில் இடமா இல்லை?

ஒன்று செய்து பாருங்கள். அந்தக் காட்சியை ஓட விட்டு, திரையில் நாகேஷ் இருக்கும் பக்கத்தைக் கையால் மறைத்துக்கொள்ளுங்கள். பாலையாவின் முகத்தை மட்டும் பாருங்கள். முதலில் பையன் என்னமோ உளறப் போகிறான் என்கிற அலட்சியம். அப்புறம் ஒரு சத்தம் வந்ததும் புருவம் லேசாக ஏறுகிறது. அடுத்த சத்தத்துக்கு வாய் திறந்தபடி நின்றுவிடுகிறது. பிறகு கண்கள் பையனை விட்டுவிட்டு, அவன் சொல்கிற அந்த இல்லாத கதவையும் இல்லாத உருவத்தையும் தேட ஆரம்பிக்கின்றன. கதை சொல்கிறவனுக்கு அது வெறும் சினிமாக் கதை. கேட்கிற அப்பாவுக்கு அது அந்த அறையிலேயே நடக்கிறது. நமக்குச் சிரிப்பு வருவது அந்த பயத்தைப் பார்த்துத்தான். அவர் பயப்படவில்லை என்றால் நாகேஷ் எழுப்பும் சத்தங்கள் வெறும் பலகுரல் நிகழ்ச்சியாகப் போயிருக்கும்.

நான் சொல்ல வருவது இதுதான். தமிழ் சினிமாவில் நன்றாகப் பேசிய நடிகர்கள் நிறையப் பேர் இருந்தார்கள், வசனம் பேசித்தான் நம் சினிமாவே வளர்ந்தது. ஆனால் எதிராளி பேசும்போது நன்றாகக் கேட்டவர்கள் குறைவு. பாலையா கேட்கத் தெரிந்த நடிகர். அவரை வில்லன், அப்பா, காமெடி என்று மூன்று டப்பாக்களில் பிரித்துப் போட்டுவிட்டோம், இந்த ஒரு திறமை எந்த டப்பாவிலும் அடங்காமல் வெளியே நிற்கிறது.

அவர் 1914இல் திருநெல்வேலிச் சீமையில் பிறந்தவர், நாடகக் கம்பெனியில் வளர்ந்தவர். அந்தக் காலத்துப் பாய்ஸ் கம்பெனிகளைப் பற்றிப் படித்தால் மனசு கனத்துப் போகும். சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் மதுரையில் தொடங்கிய பால சபா போன்றவற்றில் பத்து வயதுப் பையன்கள் ஊரையும் வீட்டையும் விட்டுவிட்டு வந்து சேர்ந்தார்கள். பாட்டு, வசனம், அடவு எல்லாம் வாத்தியாரிடம் பாடம், தப்பினால் அடி. தன் பாடம் மட்டும் தெரிந்தால் போதாது, ராஜா வேஷமான ராஜபார்ட், பெண் வேஷமான ஸ்திரீபார்ட், திருடன் வேஷமான கள்ளபார்ட் எதுவானாலும் திடீரென்று ஆள் இல்லையென்றால் ஏறி நிற்க வேண்டும். பருவம் வந்து மகரக்கட்டு உடைந்து குரல் போனால் நேற்றுவரை வள்ளியாக நின்ற பையன் இன்றைக்குக் கூட்டத்தில் ஒரு ஆள். மைக் கிடையாது. கடைசி வரிசையில் மண்ணில் உட்கார்ந்திருப்பவனுக்கும் கேட்க வேண்டும், விடிய விடிய.

எதிரே நிற்பவன் எந்த அடியில் நிறுத்துவான், எங்கே பாட்டை எடுப்பான் என்று காதைத் தீட்டிக்கொண்டு நிற்காதவன் அந்த மேடையில் ஒரு ராத்திரி கூடத் தாங்கியிருக்க முடியாது. பாலையாவின் காது அங்கே பழகிய காது என்பது என் துணிபு.

1936இல் 'சதிலீலாவதி'. எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர் இயக்கிய படம், எஸ்.எஸ். வாசனின் கதை, எம்.கே. ராதா கதாநாயகன். எம்.ஜி.ஆருக்கு இதுதான் முதல் படம் என்று எல்லோரும் சொல்வோம். பாலையாவுக்கும் இதுதான் முதல் படம் என்பதை எத்தனை பேர் சேர்த்துச் சொல்கிறோம்? அதில் எம்.ஜி.ஆருக்குச் சின்ன இன்ஸ்பெக்டர் வேஷம், பாலையாவுக்கு வில்லன் வேஷம். அடுத்த வருஷமே டங்கனின் 'அம்பிகாபதி'யில் தியாகராஜ பாகவதருக்கு எதிராக வாள் பிடித்தார். அதற்கப்புறம் பத்து இருபது வருஷம் வில்லன் என்றால் பாலையா. நடுவில் 1946இல் 'சித்ரா' படத்தில் கதாநாயகனாகவும் வந்தார், நிலைக்கவில்லை. 1949இல் அண்ணாவின் 'வேலைக்காரி'யில் கே.ஆர். ராமசாமிக்கு நண்பன் மணி. பழிவாங்கத் துடிக்கும் நண்பனிடம் கத்தியைத் தீட்டாதே, புத்தியைத் தீட்டு என்று சொல்வது இவர்தான். 1956இல் 'மதுரை வீரன்' நரசப்பன்.

'தூக்குத்தூக்கி' சேட்டு வேஷத்தை மட்டும் என்னால் முழுசாக ரசிக்க முடிந்ததில்லை. 1954இல் கொட்டகை கொட்டகையாகச் சிரித்திருக்கிறார்கள், அந்த 'நம்பள் நிம்பள்' தமிழை ஜனங்கள் வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போயிருக்கிறார்கள். ஆனால் ஒரு சமூகத்தின் பேச்சையே கேலிப்பொருளாக்கும் வழக்கம் நம் சினிமாவில் வேர்விட்டதில் அந்தச் சேட்டுக்கும் ஒரு பங்கு இருக்கிறது. பாலையாவைக் கொண்டாடுகிறவன் இதையும் சொல்லத்தான் வேண்டும்.

சரி, 'திருவிளையாடல்' படத்தில் மதுரைக்கு வந்து பாட்டுப் போட்டிக்குச் சவால் விடும் கர்வக்கார வித்வான் ஹேமநாத பாகவதருக்கு வருவோம். எங்கள் ஊரில் கல்யாண வீட்டு ஸ்பீக்கரில் 'ஒரு நாள் போதுமா' போட்டால் தாத்தா பந்தியில் உட்காராமல் நிற்பார், பாட்டு முடிந்த பிறகுதான் இலை. பாடியது பாலமுரளிகிருஷ்ணா, இசை கே.வி. மகாதேவன், எழுதியது கண்ணதாசன். மாண்டு ராகத்தில் ஆரம்பித்து தர்பார், தோடி, மோகனம், கானடா என்று ராகத்தின் பெயரையே வார்த்தையாக்கி அந்த ராகத்துக்குள் நுழையும் பாட்டு. பாலமுரளியின் குரல் பட்டு. பாலையாவின் பேச்சுக்குரல் கரகரப்பு. இரண்டுக்கும் ஒட்டவே கூடாது. ஆனால் திரையில் ஒட்டுகிறது. எங்கே மூச்சு பிடிக்க வேண்டும், எந்தச் சங்கதிக்குத் தலை எந்தப் பக்கம் சாயும், சபையைப் பார்த்து எப்போது ஒரு இளக்காரச் சிரிப்பு வரும் என்பதெல்லாம் நடிகனே பாடி நடித்த மேடையிலிருந்து வந்தவருக்குத் தெரிந்திருக்கிறது. நானே நேரில் பாடினாலும் இவ்வளவு கர்வமாகப் பாட மாட்டேன் என்று ஒவ்வொரு பாடகனுக்கும் தோன்றும்.

என்னைப் பொறுத்தவரை அதைவிடப் பெரிய நடிப்பு அன்றைக்கு ராத்திரி வருகிறது. விறகுவெட்டியாக வந்த சிவாஜி திண்ணையில் 'பாட்டும் நானே' பாடுகிறார். பாகவதர் கேட்கிறார். பகலில் நிமிர்ந்து நின்ற அதே உடம்பு கொஞ்சம் கொஞ்சமாகச் சின்னதாகிறது. மறுநாள் தன்னோடு போட்டியில் பாட வேண்டிய பாணபத்திரனிடம் பாட்டுக்கு லாயக்கில்லை என்று தள்ளப்பட்டவனே இப்படிப் பாடினால் பாணபத்திரன் எப்படிப் பாடுவான் என்ற கணக்கு அவர் மண்டைக்குள் ஓடுவது நமக்கு முகத்தில் தெரிகிறது. ராத்திரியோடு ராத்திரியாக மதுரையை விட்டே போய்விடுகிறார். அந்தத் தோல்வியில் கேலி இல்லை. நல்ல சங்கீதம் தெரிந்தவனுக்குத்தான் தான் தோற்றது அவ்வளவு சீக்கிரம் புரியும், பாலையா அந்த வித்வானுக்கு அந்த மரியாதையை மிச்சம் வைக்கிறார்.

1967இல் 'பாமா விஜயம்'. 'வரவு எட்டணா' பாட்டை எல்லோருக்கும் தெரியும், அதில் கிழவராக வரும் பாலையா வீட்டில் யார் யார் என்ன பேசுகிறார்கள் என்று பேசாமல் பார்த்துக்கொண்டே இருப்பதையும் ஒரு தடவை கவனியுங்கள்.

அப்புறம் 1968, 'தில்லானா மோகனாம்பாள்'. அதில் அவர் தவில் வித்வான் முத்துராக்கு. தவில்காரருக்கு நாதஸ்வரம் வாசிக்கும் நாயனக்காரரைக் கேட்பதுதான் வேலையே. அவர் எங்கே இழுக்கிறார், எங்கே விடுகிறார் என்று காத்திருந்து அந்த இடத்தில் அடி விழ வேண்டும். இயக்குநர் ஏ.பி. நாகராஜன் இந்த வேஷத்துக்கு பாலையாவைப் பிடித்தாரே, அந்த மனுஷனைக் கையெடுத்துக் கும்பிடலாம். 'நலந்தானா' பாட்டில் பத்மினி ஆடியபடி விசாரிக்கிறார், கத்திக்குத்துப் பட்டு எழுந்து வந்த சிவாஜி நாதஸ்வரத்தில் பதில் சொல்கிறார். இரண்டு பேருக்கும் நடுவில் இது என்ன பேச்சு என்று முழுசாகப் புரிந்த ஒரே ஆள் மேடையில் தவிலோடு உட்கார்ந்திருக்கிறார். கை தாளத்தை விடவில்லை, முகம் உடைகிறது. அண்ணனாகவும் நண்பனாகவும் பக்கவாத்தியமாகவும் ஒரே நேரத்தில் அழ வேண்டும், அழுது கச்சேரியைக் கெடுத்துவிடவும் கூடாது. வசனம் ஒன்றும் கிடையாது. சிவாஜியும் பத்மினியும் இருக்கும் திரையில் என் கண் அவரிடமே போகிறது.

1972 ஜூலையில் பாலையா போய்விட்டார். ஐம்பத்தெட்டு முடியக்கூட ஒரு மாதம் இருந்தது. எத்தனையோ அப்பா வேஷங்களில் பார்த்ததால் அவர் ரொம்ப வயதாகி இறந்தவர் என்றே நான் வெகுநாள் நினைத்துக்கொண்டிருந்தேன். 'காதலிக்க நேரமில்லை' வந்தபோது அவருக்கு ஐம்பதுகூட ஆகவில்லை.

அந்த வீடியோவைத் தலைப்பு மாற்றிக் குழுவில் திரும்பப் போட்டேன், 'நாகேஷ், பாலையா' என்று, நாகேஷ் பக்கத்தைக் கையால் மறைத்துப் பாருங்கள் என்ற ஒரு வரியோடு. ஒரு மணி நேரம் கழித்துப் பெரியம்மாவிடமிருந்து குரல் பதிவு வந்தது. "நீ சொன்ன மாதிரி கையை வச்சு மறைச்சுப் பார்த்தேன்டா. சிரிப்பு வரல. எனக்கும் பயமா இருந்துச்சு."