மிக் லிஞ்ச் பேட்டி: ஒரு திருத்தம்

2022 ஜூனில் ஸ்கை நியூஸுக்கு அளித்த பேட்டியில், வேலைநிறுத்தம் செய்யும் ரயில்வே தொழிலாளருக்குப் பதிலாக வேலை செய்ய ஏஜென்சிகள் அனுப்பும் ஆட்களைத் தாக்கப்போவதாகப் பிரிட்டன் ரயில்வே தொழிற்சங்கத்தின் அன்றைய பொதுச் செயலாளர் மிக் லிஞ்ச் மிரட்டினார் என்று ஒருவர் எழுதியிருப்பது தவறு. பேட்டியை முழுதாகப் பார்த்தால் நடந்தது வேறு. அப்படி ஆட்கள் வந்தால் என்ன செய்வீர்கள் என்று பேட்டி எடுத்த கே பர்லி திரும்பத் திரும்பக் கேட்டபோது, மறியல் செய்வோம், வேலைக்குப் போக வேண்டாம் என்று கேட்டுக்கொள்வோம் என்றுதான் அவர் சொன்னார். மறியலில் வன்முறை மோதல்கள் நடந்த 1980களின் பிரிட்டன் சுரங்கத் தொழிலாளர் போராட்டத்தைப் பர்லி நினைவூட்டியதும், லிஞ்ச் திரும்பித் தம் பின்னால் அமைதியாக நின்றிருந்த சிலரைக் கைகாட்டி, மறியல் என்பது இதுதான் என்றார். அவர் குரலில் ஏளனம் இருந்தது. அதைக் குறை சொல்லலாம், ஆனால் ஏளனம் மிரட்டல் ஆகாது.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். வேலைநிறுத்தம் செய்வோருக்குப் பதிலாக ஆள் அனுப்ப அன்று ஏஜென்சிகளுக்குச் சட்டத்தில் அனுமதியே இல்லை. அந்தத் தடையை அரசு ஜூலை 21 அன்றுதான் நீக்கியது. அந்த நீக்கத்தையும் 2023இல் உயர் நீதிமன்றம் செல்லாதென ரத்து செய்தது.