கையெழுத்து இருக்கிறது என்பவர்களுக்கு

நேற்றிரவுத் தொலைக்காட்சி விவாதத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள். ராஜீவ் காந்தி கொலை வழக்கில் தண்டிக்கப்பட்ட பேரறிவாளனைப் பற்றிய பேச்சு வந்ததும், "அவரே ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போட்டவர்தானே" என்றார் ஒருவர். அங்கிருந்த யாரும் மறுத்துப் பேசவில்லை. எனக்கு மனம் ஆறவில்லை.

அந்த வாக்குமூலத்தை, பயங்கரவாதத் தடுப்புச் சட்டமான தடாவின் 15ஆம் பிரிவின்படி பதிவு செய்தவர் சிபிஐ கண்காணிப்பாளர் தியாகராஜன். குண்டுக்குப் பயன்பட்டதாகக் கூறப்பட்ட இரண்டு 9 வோல்ட் பேட்டரிகளை வாங்கிக் கொடுத்ததாகச் சொன்ன அந்தப் 19 வயது இளைஞர், அவை எதற்கென்று தமக்குத் தெரியாது என்றும் சொன்னார். அந்தப் பகுதியைத் தாம் எழுதாமல் விட்டதாக 2013இல் அதே அதிகாரி வெளிப்படையாகக் கூறினார், பின்னர் உச்ச நீதிமன்றத்தில் பிரமாணப் பத்திரமாகவும் அளித்தார். சதி தெரிந்து வாங்கினாரா, தெரியாமல் வாங்கினாரா என்பதுதானே வழக்கே! அந்த வரி இல்லாத தாளுக்குக் கீழே இருக்கும் கையெழுத்து எதை நிரூபிக்கிறது?

காவல்துறையினரிடம் அளித்த ஒப்புதல் வாக்குமூலம் சாதாரண வழக்கில் செல்லாது. தடா அந்தப் பாதுகாப்பை எடுத்துவிட்டது. 1999 மே மாதத் தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் தடா குற்றங்கள் நிரூபிக்கப்படவில்லை என்றது, 19 பேரைக் கொலைச் சதியிலிருந்தும் விடுவித்தது. ஆனாலும் தடாவின்கீழ் எழுதப்பட்ட வாக்குமூலங்கள் செல்லும் என்று கூறி, பேரறிவாளனுடைய தூக்குத் தண்டனையை உறுதி செய்தது. இதை எத்தனை முறை படித்தாலும் என்னால் ஏற்க முடியவில்லை.

என் சித்தப்பா வேலை பார்த்த கிடங்கில் பணம் காணாமல் போனபோது அவரைக் காவல் நிலையத்துக்கு அழைத்துப் போனார்கள். விடிவதற்குள் "நான்தான் எடுத்தேன்" என்ற தாளில் கையெழுத்திட்டிருந்தார். பணம் பிறகு கணக்குப் பிழையென்று தெரிந்தது. வீட்டுக்குப் போனால் போதும் என்றிருந்தது என்றார், அவ்வளவுதான்.

"2022இல் விடுதலைதான் செய்தார்கள், நிரபராதி என்று சொல்லவில்லையே" என்பீர்கள். தெரியும். ஏறக்குறைய 31 ஆண்டுகள் சிறையில் வைத்துவிட்டு அந்தக் கேள்விக்கு விடையே தேடவில்லை என்பதுதான் என் ஆற்றாமை. "ஸ்ரீபெரும்புதூரில் இறந்தவர்களை மறந்தாயா" என்று கேட்காதீர்கள். அவர்களுக்கு நீதி வேண்டும் என்பதால்தான் குறைபட்ட வாக்குமூலத்தை மறுக்கிறேன்.

பழைய கதை என்றும் ஒதுக்க முடியாது. திட்டமிட்ட குற்றங்களுக்கு எதிரான மகாராஷ்டிரத்தின் மோக்கா சட்டத்தில், காவல்துறை பதிவு செய்த வாக்குமூலம் செல்லும் என்ற இதே ஏற்பாடு இன்றும் இருக்கிறது. 2006 மும்பை ரயில் குண்டுவெடிப்பு வழக்கில் அப்படிப் பெறப்பட்ட வாக்குமூலங்களை நிராகரித்து, தண்டிக்கப்பட்ட 12 பேரையும் 2025 ஜூலையில் மும்பை உயர் நீதிமன்றம் விடுவித்தது. அவர்களில் ஐவர் தூக்குத் தண்டனைக் கைதிகள். அந்தத் தாள்களிலும் கையெழுத்து இருந்தது.